முப்பத்து நாலு ஜோடி

கொடிக்காரருக்கு முகம் மனதில் நிற்காது, கால்தான் நிற்கும். பதினாறு வருஷமாகக் கையில் கொடியோடு மலைக்கு ஆட்களைக் கூட்டிப்போய்த் திருப்பிக் கூட்டிவந்தவர். காலை ஐந்தரை மணிக்குப் பேருந்துப் படியருகே நின்று வணக்கம் சொல்லும்போதே அவர் கண் முழங்காலுக்குக் கீழே போய்விடும். குதிகால் உயர்ந்த செருப்பு, நாடா அவிழ்ந்த ஷூ, மகன் வாங்கிக்கொடுத்து இன்னும் கடித்துக்கொண்டிருக்கும் புது பூட்ஸ். "இதைப் போட்டுக்கிட்டு எப்படிம்மா மேலே வருவீங்க?" என்று அங்கேயே கேட்டுவிடுவார். "என் முகமாவது ஞாபகம் இருக்கா, இல்லை கட்டைவிரலைப் பார்த்துத்தான் கண்டுபிடிக்கிறீங்களா?" என்பாள் மனைவி. "உன் குரல் போதும், தெருமுனையிலேயே தெரிஞ்சிடும்" என்பார் அவர்.

இதை அவர் சொல்லியிருக்கக் கூடாது. அந்த வீட்டில் பெரிய குரல் அவருடையதுதான். கண்ணாடிப் பாலத்தின் இந்த முனையில் நின்று "டீ போடு!" என்று கத்தினால், அறுநூறு அடி தள்ளி அடுத்த மலையில் வெளிவாசல் கதவைக் காக்கிற பூட்டுக்காரர் காதில் விழும். அவரும் உடனே ஸ்டவ்வைப் பற்றவைப்பார். தினமும் நடக்கிற கூத்து இது. வந்த கூட்டம் கைதட்டிச் சிரிக்கும். மூடுபனியில் பாலமே காணாமல்போன நாளிலும் டீ மட்டும் தயாராக இருக்கும்.

ஒருநாள் சுற்றுலா என்று விளம்பரத்தில் போட்டிருப்பார்கள். முதல் மலைக்குக் கேபிள் காரில் ஏற வேண்டும். அங்கே பாறையின் இடுப்பைச் சுற்றிக் கட்டிய கண்ணாடி நடைபாதை, அதற்கு ஸ்கைவாக் என்று பெயர். நடந்து முடித்தால் மலைமேலேயே சாப்பாடு. பிறகு கண்ணாடிப் பாலம். அதைக் கடந்து இரண்டாவது மலைக்குப் போய், அந்தப் பக்கத்துக் கேபிள் காரில் இறங்கினால் பேருந்து நிற்கும். வீட்டில் ஸ்டூல்மேல் ஏறி பல்ப் மாற்றத் தெரியாதவர்கள்கூட, சொந்தச் செலவில் இங்கே வந்து, காலுக்குக் கீழே பாதாளத்தைப் பார்த்துக்கொண்டு கத்துவார்கள். கத்துவதைப் படம் எடுத்து ஊருக்கெல்லாம் அனுப்புவார்கள். கொடிக்காரர் இதையெல்லாம் குறை சொன்னதில்லை. அவர்கள் கத்துவதில்தான் அவர் வீட்டு அடுப்பு எரிந்தது.

கண்ணாடியில் கீறல் விழக் கூடாது என்பதற்காக, ஷூவுக்கு மேல் ஒரு துணி உறை மாட்டிக்கொண்டுதான் நடக்க வேண்டும். எல்லாருக்கும் ஒரே சிவப்புத் துணி. ஒருமுறை, வேறு கம்பெனியோடு வந்த ஒரு பெரியவர், சிவப்புக் காலைப் பின்தொடர்ந்து கொடிக்காரரின் பேருந்தில் ஏறித் தூங்கிவிட்டார். எழுந்தபோது தன் ஊருக்கு எதிர்த்திசையில் எழுபது கிலோமீட்டர் வந்திருந்தார். அன்றைக்கு வாங்கிய வசவுக்குப் பிறகு மனைவியிடம் சொல்லி, தன் ஆட்களுக்கென்று தனியாக உறை தைக்கச் சொன்னார் கொடிக்காரர். அவள் ஏற்கெனவே பாலத்துக்கு உறை தைத்துக் கொடுக்கிறவள்தான். நாலாவது மாடியில் அவர்கள் இருந்த இரண்டு அறையிலும் சிவப்புத் துணியும் நூலும்தான் கிடக்கும். சோற்றுத் தட்டில்கூட நூல் வரும். இவருக்கென்று தைத்ததில் மஞ்சள் ஓரம் வைத்தாள். ஒவ்வொரு உறைக்கும் ஒரு நாடா.

மஞ்சள் ஓரம் வந்ததிலிருந்து வேலை பாதியாகிவிட்டது. கூட்டத்தில் மஞ்சளைப் பார்த்தாலே தன் ஆள் என்று தெரிந்தது. முன்னெல்லாம் அவர் கடைசி ஆளாகத்தான் பாலத்தைக் கடப்பார், ஆட்டுமந்தைக்குப் பின்னால் போவதுபோல. இப்போது முதல் ஆளாகக் கடந்து, அந்த முனையில் பையை விரித்துக்கொண்டு உட்கார்ந்துவிடுவார். வருகிறவர்கள் உறையைக் கழற்றிப் பையில் போடுவார்கள். இவர் இரண்டிரண்டாக நாடாவால் முடிந்து எண்ணுவார். ஜோடி சரியாக இருந்தால் ஆளும் சரி. உறை இல்லாமல் யாரும் பாலத்தைத் தாண்ட முடியாது. உறையைக் கொடுக்காமல் வெளியே போக முடியாது. இதைவிட நம்பகமான கணக்கு எது? படம் எடுக்கிற அவசரத்தில் அங்குமிங்கும் ஓடுகிற தலைகளை எண்ணுவதற்கு இது எவ்வளவோ மேல். மற்ற வழிகாட்டிகளும் பார்த்துவிட்டு, அவரவர் வீட்டில் பச்சை ஓரம், நீல ஓரம் என்று தைத்துக்கொண்டார்கள். கொடிக்காரருக்கு அதில் கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

அன்றைக்கு முப்பத்து நாலு பேர். சீசன் முடிகிற நேரம், குளிர் எலும்பைத் தொட ஆரம்பித்திருந்தது. அக்காளும் தங்கையுமாக இரண்டு பெண்கள் வந்திருந்தார்கள், இருவருக்கும் ஐம்பதை ஒட்டிய வயது. அக்காள் தடித்த மலை ஷூ போட்டிருந்தாள். தங்கைக்குப் பழுப்பு நிற கான்வாஸ், நாடாவை இரட்டை முடிச்சுப் போட்டிருந்தாள். பயந்தவர்கள்தான் இரட்டை முடிச்சுப் போடுவார்கள் என்பது கொடிக்காரரின் அனுபவம். அது சரியாகவே இருந்தது. காலையில் ஸ்கைவாக்கில் அந்தத் தங்கை, அக்காளின் முதுகுப்பையைப் பிடித்துக்கொண்டு, கண்ணை இறுக மூடியபடி முழுப் பாதையையும் கடந்தாள்.

"நம்ம குழுவுல ஒருத்தர் கண்ணை மூடிக்கிட்டே ஊர் சுத்திப் பார்க்கிறாங்க. இவங்களுக்குப் பாதி டிக்கெட் போட்டிருக்கலாம்" என்று மைக்கில் சொன்னார் கொடிக்காரர். எல்லாரும் சிரித்தார்கள். அவளும் கண்ணைத் திறக்காமல் சிரித்தாள்.

மூன்றரைக்குப் பாலத்து முகப்புக்கு வந்தபோது பனி இறங்கிவிட்டது. அவர்கள்தான் அன்றைய கடைசிக் கூட்டம். உள்ளே மட்டும் சுற்றுகிற இரும்புச் சுழல்கதவு வழியாக எல்லாரும் கொட்டகைக்குள் வந்ததும், டிக்கெட் கொடுப்பவர் ஜன்னலைச் சாத்திவிட்டு, வந்த வழியே முதல் மலையின் கடைசிக் கேபிள் காருக்கு ஓடிவிட்டார். கொடிக்காரர் உறைகளைக் கொடுத்தார்.

"உறை இல்லாம யாரும் கண்ணாடியில காலை வைக்கக் கூடாது. கண்ணாடியில ஒரு கீறல் விழுந்தா என் கழுத்துல விழுந்த மாதிரி. புரிஞ்சுதா?"

புரிந்தது என்றார்கள். அவர் பனியைப் பார்த்து "டீ போடு!" என்று ஒரு கத்துக் கத்திவிட்டு, முதல் ஆளாக நடந்தார். காற்று பாலத்தை லேசாக அசைத்தது. அவர் போய்ச் சேர்ந்தபோது பூட்டுக்காரர் டம்ளரை நீட்டினார்.

"இன்னைக்குச் சீக்கிரம் கிளம்பணும்ணே. காத்து ஏறுது. நாலேகாலோட கேபிளை நிறுத்தப் போறாங்களாம்."

"என் ஆளுங்க வந்தா போதும். எனக்கு மட்டும் இங்க இருக்கணும்னு ஆசையா? முட்டி கழண்டு விழுது."

ஆட்கள் பனிக்குள்ளிருந்து ஒவ்வொருவராக முளைத்து வந்தார்கள். உறை ஒவ்வொன்றும் ஈரத்தில் ஊறி, பிழிந்துபோட்ட துணிபோலக் கனத்தது. கொடிக்காரர் விரல் மரத்துப்போய் முடிந்துகொண்டிருந்தார். முப்பது, முப்பத்தொன்று. அடுத்துக் கைக்கு வந்த ஜோடி காய்ந்திருந்தது.

கை ஒரு நொடி நின்றது. காய்ந்த துணி. பாலத்தில் நடந்த உறை எப்படிக் காய்ந்திருக்கும்? யாரோ பையில் வைத்துக் கொண்டுவந்திருக்கிறார்கள். அப்படியென்றால் இதைப் போட்டவர் எப்படி வந்தார்? அதற்குள் கேபிள் நிலையத்தில் மணி அடித்தது. குழுவில் பாதிப்பேர் உள்ளே ஏறிவிட்டிருந்தார்கள். கொடிக்காரர் நாடாவை முடிந்தார். முப்பத்திரண்டு. இன்னும் இரண்டு ஜோடி இருந்தது. முப்பத்து நாலு.

"எல்லாரும் வந்தாச்சாண்ணே?" என்றார் பூட்டுக்காரர், சாவியைக் கையில் வைத்துக்கொண்டு.

"ஆச்சு. பூட்டு."

அவர் பூட்டினார். இருவரும் கடைசிப் பெட்டியில் இறங்கினார்கள். அப்போது மணி நாலு ஐந்து தாண்டி இரண்டு நிமிஷம்கூட ஆகியிருக்காது.

கீழே பேருந்தருகே அக்காள் நின்று இங்குமங்கும் பார்த்தாள். "என் தங்கச்சி வந்துட்டாளா?"

"எங்கேருந்தும்மா? உங்ககூடத்தானே வந்தாங்க?"

"இல்லைங்க, அவ பாலத்துல வரமாட்டேன்னு உட்கார்ந்துட்டா. வந்த வழியிலயே இறங்கிடறேன், பஸ்கிட்ட இருக்கேன்னு சொன்னா. உறையைக் கழட்டி என்கிட்டயே குடுத்துட்டா, நான்தான் பையில போட்டேன்."

கொடிக்காரர் திரும்பி மலையைப் பார்த்தார். வந்த வழி என்று ஒன்று அங்கே கிடையாது. அந்தச் சுழல்கதவு உள்ளே மட்டும்தான் சுற்றும்.

தங்கையின் ஜாக்கெட், கைப்பை, போன் மூன்றும் அக்காளின் முதுகில்தான் இருந்தன. கம்பியைப் பிடித்துக்கொள்ள இரண்டு கையும் வேண்டும் என்று காலையிலேயே கொடுத்துவிட்டிருந்தாள். கேபிளை இயக்க முடியாது என்று கையை விரித்துவிட்டார்கள். காற்று அப்படி. முதல் மலைப் பக்கம் பேருந்தைக் கொண்டுபோய்த் தேடினார்கள், கடைகளில் கேட்டார்கள், போலீஸுக்குப் போனார்கள். மீட்புக்குழு இரண்டாவது மலையின் படிக்கட்டு வழியாக ஏறிப் போய்ச் சேர விடிந்துவிட்டது. கொடிக்காரரும் பூட்டுக்காரரும் கூடவே ஏறினார்கள். எத்தனை ஆயிரம் படி என்று கேட்டால் இருவருக்கும் தெரியாது.

அவள் கொட்டகையில் இல்லை. பாலத்தைக் கடந்திருந்தாள். வெளிவாசல் கதவுக்கு உள்பக்கம், கம்பிகளில் முதுகைச் சாய்த்து, முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். விறைத்துப்போய்ப் பல மணி நேரம் ஆகியிருந்தது. காலில் ஷூ இல்லை. பழுப்பு கான்வாஸ் இரண்டையும் பக்கத்தில் சேர்த்து வைத்திருந்தாள். கான்வாஸின் அடிப்பாகம் துளி ஈரமில்லாமல் சுத்தமாக இருந்தது என்று மீட்புக்குழுவில் ஒருவர் ஆச்சரியப்பட்டார். கொடிக்காரருக்கு ஆச்சரியம் இல்லை. உறை இல்லாமல் கண்ணாடியில் காலை வைக்கக் கூடாது என்று சொன்னவர் அவர்தான். உறையைக் கொடுத்துவிட்டோமே என்று அவள் ஷூவைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு, அந்தக் குளிரில் காலுறையோடு அறுநூறு அடி நடந்து வந்திருக்கிறாள். சொன்ன பேச்சைக் கேட்டிருக்கிறாள்.

பூட்டுக்காரர் சாவியைத் துவாரத்தில் நுழைக்க நாலு தடவை முயன்றார். "நீ ஆச்சுன்னு சொன்னியேண்ணே" என்றார், திரும்பிப் பார்க்காமலே.

அன்றைக்குச் சாயங்காலம் வீட்டுக்கு வந்து பையைக் கீழே போட்டவர், சட்டையைக்கூடக் கழற்றாமல் சுவரைப் பார்த்துப் படுத்துவிட்டார். மனைவி வழக்கம்போல உறைகளை எடுத்து அறைக்குக் குறுக்கே கட்டிய கொடியில் போட்டாள். போட்டுக்கொண்டே வந்தவள் ஒரு ஜோடியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றுவிட்டாள். மற்றதெல்லாம் ஒரு நாள் பைக்குள் கிடந்து புளித்த வாடை அடித்தது. இது மட்டும் ஓரத்தில்தான் ஈரம் வாங்கியிருந்தது, உள்ளே மொறமொறவென்று இருந்தது.

"இது என்னங்க, நனையவே இல்லையே?"

அவர் போர்வையை இழுத்துக்கொண்டார்.

"எண்ணும்போது கையில பட்டிருக்குமே?"

"பட்டுச்சு" என்றார் சுவரிடம்.

அவள் தையல் மிஷின் முன்னால் உட்கார்ந்தாள். நல்ல பெண்தான், யாருக்கும் கெடுதல் நினைக்காதவள். ஆனால் பதினாறு வருஷத்து வீடு ஒன்று அவள் கண்முன்னால் ஆட்டம் கண்டுகொண்டிருந்தது. "யார்கிட்டயும் சொல்லாதீங்க" என்றாள். "சொன்னா அந்தப் பொண்ணு எழுந்து வரப் போறாளா? நீங்க உள்ள போறதுதான் மிச்சம்."

கம்பெனி மேனேஜரும் அதையேதான் சொன்னார், கொஞ்சம் மெருகோடு. ஆள் எத்தனை பேர் வெளியே வந்தார்கள் என்று பார்த்துப் பூட்டுவது கதவுக்காரன் வேலை. வழிகாட்டி சொன்னான் என்பதற்குச் சாட்சி இல்லை. தலையை எண்ணினேன் என்று மட்டும் சொன்னால் போதும். "உறை, கிறைன்னு எதையும் இழுத்து விடாதே. பூட்டினவன் அவன், மாட்ட வேண்டியவனும் அவன்." இதைச் சொல்லிவிட்டு அந்த மனிதர் தட்டிலிருந்த பிஸ்கட்டை நீட்டினார். என்ன ஜென்மமோ.

பூட்டுக்காரரை அதற்குள் வேலையிலிருந்து நிறுத்தி, இரண்டு நாள் ஸ்டேஷனில் உட்காரவைத்துவிட்டார்கள். பத்து வருஷம் தினமும் டீ போட்டுக் கொடுத்த மனிதர். கொடிக்காரர் ஸ்டேஷன் வாசல்வரை போனார். எதிரே கடை ஓரமாக அரைமணி நேரம் நின்றார். திரும்பி வந்துவிட்டார். அன்றைக்கும் மறுநாளும் எதைத் தொட்டாலும், டம்ளரை, துண்டை, கதவுப் பிடியை, இது காய்ந்திருக்கிறதா ஈரமா என்று கை தானாகவே பார்த்தது.

பத்தாவது நாள் விசாரணை. பெரிய மேஜை, நாலு நாற்காலி, சுவரில் பாலத்தின் பெரிய வண்ணப்படம், நீல வானத்தோடு. அதை யாராவது கழற்றி வைத்திருக்கலாம். அதிகாரி கேமராவில் பதிந்ததை வாசித்தார். மூன்று நாற்பத்தெட்டுக்கு அந்தப் பெண் சுழல்கதவைத் தள்ளிப் பார்க்கிறாள். மூன்று ஐம்பத்தாறுவரை தள்ளுகிறாள், யாரையோ கூப்பிடுகிறாள். நாலு மூன்றுக்கு ஷூவைக் கழற்றிக்கொண்டு பாலத்தில் இறங்குகிறாள். அதற்குமேல் பனி.

பூட்டுக்காரர் சொன்னதையே திருப்பிச் சொன்னார். "கொடி அண்ணன் ஆச்சுன்னார். பூட்டினேன். பத்து வருஷமா அப்படித்தான்."

"அதுக்குச் சாட்சி உண்டா?" என்றார் மேனேஜர்.

அப்போது அக்காள் எழுந்தாள். பத்து நாளில் பத்து வயது ஏறியிருந்தது அவளுக்கு. அவள் வீட்டில் யாரும் அவளிடம் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. தங்கையின் கணவர் அவளைச் சாவு வீட்டுக்குள்ளேயே விடவில்லை என்று பேசிக்கொண்டார்கள்.

"இவங்க யாரையும் ஒண்ணும் சொல்லாதீங்க. நான்தான் பண்ணினேன். அவளோட உறையை என் பையிலேருந்து எடுத்து நான்தான் போட்டேன். வராதவளை வந்ததா கணக்குக் காட்டினது நான்தான். பயந்தாங்கொள்ளின்னு திட்டிட்டு வேற வந்தேன்."

அவள் நின்றபடியே அழுதாள். அதிகாரியின் முகத்தில் ஒரு நிம்மதி தெரிந்தது. மேனேஜர் நாற்காலியில் சாய்ந்துகொண்டார். பூட்டுக்காரருக்கும் தப்பிக்க ஒரு வழி. கொடிக்காரரையும் ஏமாற்றிவிட்டார்கள், அவ்வளவுதான். "தவறான எண்ணிக்கை ஏற்படக் காரணம்..." என்று அதிகாரி எழுத ஆரம்பித்தார். ஊரில் இருக்கிற எல்லாப் பழியும் அந்த ஒருத்தி தலையில் இறங்க, மற்றவர்கள் வீட்டுக்குப் போய்ச் சாப்பிடலாம்.

"எழுதாதீங்க" என்றார் கொடிக்காரர்.

குரல் அறைக்கு அதிகமாக இருந்தது. எல்லாரும் திரும்பினார்கள்.

"நான் தலையை எண்ணலை. உறையைத்தான் எண்ணினேன். அந்த அம்மா போட்ட ஜோடி என் கைக்கு வந்துச்சு. மத்ததெல்லாம் சொட்டச் சொட்ட நனைஞ்சிருந்துச்சு. அது மட்டும் காஞ்சிருந்துச்சு. அது நடந்து வராத உறைன்னு என் கைக்குத் தெரிஞ்சுது. தெரிஞ்சும் முடிச்சுப் போட்டேன். ஆச்சுன்னு சொன்னதும் நான்தான். இவர் மேல தப்பில்லை. இந்த அம்மா மேலயும் தப்பில்லை."

மேனேஜர் ஏதோ முனகிக்கொண்டு எழுந்தார். பூட்டுக்காரர் முகத்தைத் துடைத்துக்கொண்டார். கொடிக்காரருக்குப் பத்து நாளில் முதன்முறையாக மூச்சு முழுதாக வந்தது. அக்காளின் தலையிலிருந்து ஒரு பாரத்தை இறக்கிவிட்டதாகத்தான் நினைத்தார்.

அக்காள் அழுகையை நிறுத்தியிருந்தாள். அவரையே பார்த்தாள். அவரும் வேறு வழியில்லாமல் அவள் முகத்தைப் பார்த்தார். கண்ணும் மூக்கும் தங்கையுடையதேதான் என்பது அப்போதுதான் தெரிந்தது.

"அது உங்க கைக்கு வந்தப்போ மணி என்ன?"

"நாலு அஞ்சு இருக்கும்மா."

"நாலு மூணுக்கு அவ பாலத்துல இறங்கிட்டாள்ல?"

அவர் தலையை ஆட்டினார்.

"அப்ப கதவு திறந்துதானே இருந்துச்சு?"

"திறந்துதாம்மா இருந்துச்சு."

"டீ போடுன்னு கத்தினீங்களே, அன்னைக்கு. அந்த மாதிரி ஒரு தடவை கூப்பிட்டிருந்தா..." அவள் மேஜையைப் பிடித்துக்கொண்டாள். "அவளுக்குக் கேட்டிருக்குமா?"

கேட்டிருக்காது, காற்று அதிகம் என்று சொல்லியிருக்கலாம். அவளுக்கும் அதுதான் வேண்டியிருந்தது, கண்ணால் கெஞ்சினாள். ஆனால் அன்றைக்கு அதே காற்றில், அதே பனியில், அவர் போய்ச் சேர்ந்தபோது டீ தயாராக இருந்தது. டம்ளரை நீட்டிய மனிதர் பக்கத்து நாற்காலியில்தான் உட்கார்ந்திருந்தார், தலையைக் குனிந்துகொண்டு.

"கேட்டிருக்கும்" என்றார் கொடிக்காரர்.